பின்னோக்கி ஓடும் கோளம்

'இன்சைட் அவுட்' (2015) படத்தை நம் மாணவர்கள் பலர் பார்த்திருப்பார்கள். ரைலி என்ற 11 வயதுச் சிறுமியின் தலைக்குள் நினைவுகள் எல்லாம் கண்ணாடிக் கோளங்கள். மகிழ்ச்சி மஞ்சள், சோகம் நீலம், கோபம் சிவப்பு. பார்த்ததும் தெரிந்துவிடும். எனக்கு முதலில் இது பிடிக்கவே இல்லை. நம் பிள்ளைகள் கட்டுரையில் செய்வதும் இதுதானே! 'அளவில்லா மகிழ்ச்சி அடைந்தேன்' என்று ஒரு மஞ்சள் கோளத்தை வைத்துவிட்டு அடுத்த பத்திக்குப் போய்விடுவார்கள்.

ஆனால் குழுவினர் ரைலியைக் கொண்டாடும் ஒரு மஞ்சள் கோளம் வருகிறது. ஜாய் அதைப் பின்னோக்கி ஓட்டுகிறாள், நீலமாகிறது. ஹாக்கியில் வெற்றி கோலைத் தவறவிட்ட ரைலி மரக்கிளையில் தனியாக உட்கார்ந்திருக்கிறாள். அந்தச் சோகத்தைப் பார்த்துத்தான் பெற்றோரும் குழுவினரும் வந்திருக்கிறார்கள்.

இறுதியில் வரும் இருநிறக் கோளத்தைத்தான் எல்லாரும் புகழ்வார்கள். எனக்கென்னவோ மரக்கிளைக் காட்சிதான் மேல். நிறம் ஏன் மாறியது என்பதற்குக் காரணம் அங்கே கண்முன் இருக்கிறது. தொல்காப்பிய மெய்ப்பாட்டியலும் எட்டு மெய்ப்பாடுகளோடு நிற்கவில்லை. ஒவ்வொன்றும் எதனால் பிறக்கிறது என்று நான்கு நான்கு காரணம் சொல்கிறது. தேர்வில் பெயரை மட்டும் மனப்பாடமாக எழுதினால் பாதிதான்.

படிவம் 4 மாணவி ஒருத்தி 'பரிசளிப்பு நாள்' கட்டுரையில் ஒரே மஞ்சள். "கொஞ்சம் பின்னால் ஓட்டிப் பாரும்மா" என்றேன்.

"அப்பா வரல டீச்சர்."

அதை எழுதச் சொல்லலாமா என்று இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறேன்.