கைதிகள் சாட்சிகள் மட்டுமா?

அபத்த நாடகம் பற்றிப் பேசுகிற எவரும் ஒரு கட்டத்தில் சான் குவென்டின் கதைக்கு வந்துவிடுவார்கள். 1957 நவம்பர் 19. கலிபோர்னியாவின் அந்தச் சிறையில் 1,400 கைதிகள் முன்னால் சாமுவேல் பெக்கெட்டின் ‘கோடோவுக்காகக் காத்திருத்தல்’ நடிக்கப்பட்டது. அதில் பெண் பாத்திரங்கள் இல்லை என்பதுதான் அதைத் தேர்ந்தெடுக்க முக்கியக் காரணம். முந்தைய ஆண்டு மியாமியில் பார்வையாளர்கள் பாதியிலேயே எழுந்துபோன நாடகம் அது. கைதிகளுக்கோ சட்டென்று பிடிபட்டுவிட்டது. மார்ட்டின் எஸ்லின் அபத்த நாடகம் பற்றிய தன் நூலை இந்தச் சம்பவத்தோடுதான் தொடங்குகிறார்.

எனக்கு இந்தக் கதையில் ஓர் உறுத்தல் உண்டு. இதில் கைதிகள் வெறும் சாட்சிகள். பெக்கெட் பெரிய கலைஞர் என்று நிரூபித்துவிட்டு அவர்கள் செல்லுக்குத் திரும்பிவிடுகிறார்கள். நாமும் அடுத்த பக்கத்தைப் புரட்டிவிடுகிறோம். அந்த ஆளுங்க அப்புறம் என்ன ஆனாங்க? யாரும் கேட்பதில்லை.

அதனால்தான் ரிக் க்ளூச்சியைப் பற்றிப் பேச வேண்டியிருக்கிறது. பரோலுக்கு வழியில்லாத ஆயுள் தண்டனைக் கைதி. அன்று அரங்குக்குப் போக அவருக்கு அனுமதி இல்லை. செல்லில் இருந்தபடி ஒலிபெருக்கியில் வந்த குரல்களை மட்டும் கேட்டார். பிறகு சக கைதிகளோடு சேர்ந்து ஒரு நாடகக் குழுவை உருவாக்கினார். ஒரு காலத்தில் தூக்குமேடை இருந்த அறைதான் அவர்களுடைய அரங்கு. 65 பேர் உட்காரலாம். அங்கே பெக்கெட்டை அவர்களே நடித்தார்கள்.

சிறையிலேயே க்ளூச்சி எழுதிய நாடகம் ‘கூண்டு’. ஆளுநர் தண்டனையைக் குறைத்ததால் 1966இல் பரோலில் வெளியே வந்தவர், முன்னாள் கைதிகளையே நடிகர்களாகக் கொண்டு அதை அமெரிக்கக் கல்லூரிகளுக்குக் கொண்டுபோனார். நாடகம் முடிந்ததும் அவர்கள் பார்வையாளர்களோடு உட்கார்ந்து சிறை பற்றிப் பேசினார்கள்.

‘கூண்டு’ பெக்கெட் அளவுக்கு நுட்பமான படைப்பு அல்ல. அதன் குரல் உரத்தது. ஒரு செல்லுக்குள் புதிதாக வரும் இளைஞனை மற்றவர்கள் போலியாக ‘விசாரணை’ செய்கிறார்கள். விளையாட்டு போலத் தொடங்கி அது கொலையில் முடிகிறது. தங்களைத் தண்டித்த நீதிமன்றத்தையே கைதிகள் உள்ளே நடித்துக்காட்டுகிறார்கள். தண்டனை இவர்களுக்கு எதைக் கற்றுக்கொடுத்தது என்ற கேள்வி அங்கேதான் எழுகிறது. அந்த இடத்தில் நாடகம் நம்மைச் சும்மா விடுவதில்லை.

இதைப் ‘பிரச்சாரம்’ என்று ஒரே சொல்லில் ஒதுக்கிவிடும் பழக்கம் நம் இலக்கிய வட்டங்களிலும் இருக்கிறது. எனக்கு உடன்பாடு இல்லை. நாடகத்துக்குப் பிந்தைய அந்த உரையாடல் இலவச இணைப்பு அல்ல, அந்தப் படைப்பின் மறுபாதி.

ஆனால் இங்கே ஓர் ஆபத்தும் உண்டு. கலை ஒருவனை மீட்டது என்ற கதை எல்லோருக்கும் பிடிக்கும். க்ளூச்சியின் வாழ்க்கையைத் தழுவி 1987இல் ஹாலிவுட் ‘வீட்ஸ்’ என்று படமே எடுத்தது. அப்படியானால் நடிக்கத் தெரியாதவன், எழுத வராதவன் உள்ளேயே கிடக்கட்டுமா? திறமைக்குப் பரிசாக விடுதலை என்றால் அது சிறைச் சீர்திருத்தம் இல்லை, திறமைப் போட்டி. க்ளூச்சி தனியாளாக மேடையேறித் தன் கதையை மட்டும் சொல்லாமல், கூட இருந்தவர்களையும் அழைத்துப் போனதை நான் இதற்கான பதிலாகவே பார்க்கிறேன்.

1975இல் பெர்லினில் க்ளூச்சி பெக்கெட்டின் உதவி இயக்குநராக இருந்தார். 1977இல் பெக்கெட்டே அவரை இயக்கினார். வழக்கமாக இதைத்தான் அவருடைய உச்சம் என்பார்கள். நான் அந்தக் கல்லூரி அரங்குகளைச் சொல்வேன். கைதட்டல் ஓய்ந்த பிறகும் இறங்கிப் போகாமல், கேள்வி கேளுங்கள் என்று உட்கார்ந்திருந்த அந்த முன்னாள் கைதிகளையும்.