பென்டிரைவில் ஒரு குறிப்பேடு

டிட்லிவிக்கி ஒரே ஒரு ஹெச்டிஎம்எல் கோப்பு. நம் குறிப்புகளும், அவற்றை எழுதவும் தேடவும் வேண்டிய நிரலும் அதற்குள்ளேயே இருக்கின்றன. இன்ஸ்டால் செய்ய வேண்டாம், அக்கவுண்ட் வேண்டாம், இணையமும் வேண்டாம். பிரிட்டனைச் சேர்ந்த ஜெரமி ரஸ்டன் 2004இல் இதை இலவசமாகக் கொடுத்தார். அதற்காகவே அவரைக் கும்பிடலாம்.

ஓசூரில் குடியிருந்து, ஜூஜூவாடி தாண்டி பொம்மசந்திராவுக்கு வேலைக்குப் போகிறவர்கள் ஏராளம். வாடகை ஒப்பந்தம், பிஎஃப் எண், பிள்ளையின் தடுப்பூசித் தேதி எல்லாம் மூலைக்கொன்றாகக் கிடக்கும். டிட்லிவிக்கியில் இவை ஒவ்வொன்றும் ஒரு சிறு சீட்டு. சிஎன்சி ஆபரேட்டர் ஒருவர் ‘அலாரம்’ என்று டேக் போட்டு வைத்தால், மெஷின் காட்டிய எண்ணும் அதைச் சரிசெய்த விதமும் வரிசையாக வந்து நிற்கும். சர்வீஸ்காரரின் பெயரைத் தட்டினால் அவருடைய போன் நம்பர். தமிழ், தெலுங்கு, கன்னடம் மூன்றையும் ஒரே சீட்டில் கலந்து எழுதலாம். இந்த ஊர் பேசுவதும் அப்படித்தானே!

சேமிப்பதில் மட்டும் கவனம் வேண்டும். சாதாரணமாக பிரவுசர் பழைய கோப்பின் மேலேயே எழுதாது, புதுப் பிரதியை டவுன்லோடு செய்யும். அதைப் பென்டிரைவுக்கு மாற்றிவிட வேண்டும். பேங்க் விவரம் வைப்பவர்கள் பாஸ்வேர்டு போட்டுப் பூட்டுங்கள். அந்த வசதி கோப்புக்குள்ளேயே இருக்கிறது.