அரை பர்சென்ட் சண்டை

இரண்டு வருஷத்துக்கும் மேலாக என் செல்போனில் ஒரு மெசேஜ் அழிக்காமல் கிடக்கிறது. 2023-இல் வந்தது. நெமிலிச்சேரியில் நான் வாங்கின இரண்டு பெட்ரூம் ஃபிளாட்டின் கடனை 'தங்கள் வசதிக்காக' நீட்டித்திருப்பதாக ஒரு வங்கி சொல்கிறது. அறுபது வயதில் முடியவேண்டிய கடன். இப்போது அறுபத்தேழு. ஃபோன் போட்டுக் கேட்டேன். "ரிசர்வ் பேங்க் ரேட்டை ஏத்திட்டாங்க சார், நாங்க என்ன பண்ண முடியும்?" என்றது ஒரு இளம் குரல். அதற்குமேல் அந்தப் பெண்ணிடம் பேசிப் பயனில்லை.

அதே ஞாயிற்றுக்கிழமை மாடி வீட்டு சார் லட்டு கொண்டுவந்து கொடுத்தார். அம்பத்தூர் எஸ்டேட்டில் முப்பத்திரண்டு வருஷம் வேலை பார்த்து ரிடையர் ஆனவர். பிராவிடண்ட் ஃபண்ட் மொத்தத்தையும் ஃபிக்ஸட் டெபாசிட்டில் போட்டிருக்கிறார். "வட்டி ஏறியிருக்கு சார், ரொம்ப நாள் கழிச்சு!" என்று முகமெல்லாம் சிரிப்பு. ஒரே அபார்ட்மென்ட், ஒரே ரிசர்வ் வங்கி. அவருக்கு லட்டு, எனக்கு ஏழு வருஷம்.

இந்த வட்டியை யார், எந்த அறையில் உட்கார்ந்து முடிவு பண்ணுகிறார்கள் என்று தேடப்போய்த்தான் அந்தப் புத்தகத்தில் மாட்டிக்கொண்டேன். 'ரிசர்வ் வங்கியின் வரலாறு', இரண்டாம் தொகுதி. 1951 முதல் 1967 வரை. எழுதியவர் ஜி. பாலச்சந்திரன். 1998-இல் வந்தது. தலைக்கு வைத்துத் தூங்குகிற கனம். ஒரு நிறுவனம் தன் வரலாற்றைத் தானே எழுதவைத்தால் எப்படி இருக்கும்? கல்யாண ஆல்பம் மாதிரி இருக்கும், எல்லாரும் சிரித்துக்கொண்டு நிற்பார்கள். இதுவும் அப்படித்தான் என்று நினைத்துப் புரட்டினேன். இல்லை. தங்கள் கவர்னர் ஒருவர் தோற்றுப்போய் வீட்டுக்குப் போன கதையை, கடிதம் கடிதமாக இவர்களே சொல்லியிருக்கிறார்கள். அதற்கு முதலில் ஒரு சபாஷ்.

கதையின் ஒரு முனை நம் ஏரியாவில் இருக்கிறது. நெமிலிச்சேரியில் லோக்கல் ட்ரெயின் ஏறினால் பட்டாபிராம், இந்து காலேஜ், அடுத்தது ஆவடி. அங்கே டாங்க் ஃபேக்டரி வருவதற்கெல்லாம் முன்னால், 1955 ஜனவரியில், காங்கிரஸ் மாநாடு நடந்தது. தலைவர் தேபர். முதலமைச்சர் காமராஜ். நேரு வந்திருந்தார். 'சோஷலிச பாணி சமுதாயம்' என்று தீர்மானம் போட்டார்கள். நம் அப்பாக்கள் ஸ்கூலில் பரீட்சைக்கு மனப்பாடம் பண்ணின தீர்மானம். ஃபேக்டரி, அணை, உருக்காலை எல்லாம் அரசாங்கமே கட்டும். சரி, காசு? இரண்டாவது ஐந்தாண்டுத் திட்டத்தில் 1,200 கோடி ரூபாய்க்குப் பற்றாக்குறை நிதி என்று எழுதினார்கள். அதாவது பெரும்பாலும் ரிசர்வ் வங்கியிடம் கடன் வாங்கிச் செலவு செய்வது. நோட்டு அடிப்பது என்று பச்சையாகவும் சொல்லலாம். இது விலைவாசியில் கொண்டுபோய் விடும் என்று பொருளாதார நிபுணர் குழுவில் பி.ஆர். ஷெனாய் ஒருத்தர் மட்டும் தனியாக மறுப்புக் குறிப்பு எழுதிக் கொடுத்தார். யாரும் கண்டுகொள்ளவில்லை.

அதே 1955-இல் சத்தமில்லாமல் இன்னொரு ஏற்பாடும் நடந்தது. அரசாங்கத்தின் கணக்கில் இருப்பு 50 கோடிக்குக் கீழே போனால் ரிசர்வ் வங்கி தானாகவே நிரப்பிவிடும். அதற்கு ஈடாக அரசாங்கம் 'அட்ஹாக் டிரஷரி பில்' என்று ஒரு சீட்டு கொடுக்கும். மளிகைக் கடை அக்கவுண்ட் நோட்டு மாதிரி. ஒரே வித்தியாசம், மாசக் கடைசி என்பதே கிடையாது. தற்காலிகம் என்று ஆரம்பித்தது, 42 வருஷம் ஓடியது! அதை மூட 1994-இல் கவர்னர் சி. ரங்கராஜனும் நிதி அமைச்சர் மன்மோகன் சிங்கும் ஒப்பந்தம் போட்டு, 1997 ஏப்ரலில்தான் கடையைச் சாத்தினார்கள். அமெரிக்காவில் இதற்கு நேர் எதிர்த் திசை. அங்கே அரசின் கடன் பத்திரங்களுக்கு முட்டுக்கொடுக்கிற வேலையிலிருந்து ஃபெடரல் ரிசர்வ் 1951-லேயே கழன்றுகொண்டது.

சண்டைக்கு வருவோம்.

ரிசர்வ் வங்கி கவர்னர் பெனகல் ராமா ராவ். ஐ.சி.எஸ். அமெரிக்காவில் தூதராக இருந்தவர். அரசியல் சட்டம் உருவானபோது ஆலோசகராக இருந்தாரே பி.என். ராவ், அவருடைய சகோதரர். 1949-இலிருந்து நாற்காலியில் இருந்தார். இவரைவிட அதிக நாள் இருந்த கவர்னர் இன்றுவரை இல்லை. நிதி அமைச்சராக சி.டி. தேஷ்முக் இருந்தவரை பிரச்னை இல்லை. தேஷ்முக் அதே நாற்காலியில் உட்கார்ந்தவர், அதன் கௌரவம் தெரிந்தவர். 1956-இல் தேஷ்முக் ராஜினாமா செய்தார். வந்தவர் நம்ம ஊர் டி.டி. கிருஷ்ணமாச்சாரி. ஆழ்வார்பேட்டை டி.டி.கே. சாலை ஞாபகம் வருகிறதா, அவரேதான். வியாபாரத்தில் ஜெயித்துவிட்டு அரசியலுக்கு வந்தவர். மூளையும் கூர்மை, நாக்கும் கூர்மை.

1956 நவம்பர் கடைசியில் டி.டி.கே. புதிய வரிகள் கொண்டுவந்தார். அதில் ஒன்று உண்டியல், புரோநோட்டு வகையறாக்களுக்கான முத்திரைத் தீர்வை. பார்த்தால் சின்ன விஷயம். ஆனால் வங்கிகள் அப்போது ரிசர்வ் வங்கியிடம் பணம் வாங்கினது இந்த மாதிரிச் சீட்டுகளை அடமானம் வைத்துத்தான். 1952-இலிருந்து இருந்த திட்டம் அது. ஸ்டாம்ப் செலவு ஏறினால் வாங்குகிற பணத்தின் விலையும் ஏறும். மூன்றரை சதவீதமாக இருந்தது கணக்குப் பார்த்தால் நாலு சதவீதத்துக்கு வந்துவிட்டது. பேருக்கு ஸ்டாம்ப் வரி, உள்ளே இருப்பது வட்டி.

ராமா ராவுக்குக் கோபம் வந்தது. வட்டி என் இலாகா, என்னைக் கேட்காமல் எப்படி? டிசம்பரில் வங்கியின் மத்திய போர்டைக் கூட்டி ஒரு குறிப்பு வைத்தார். போர்டு அவர் பக்கம் நின்றது. டி.டி.கே.யோ, ரிசர்வ் வங்கி நிதி அமைச்சகத்தின் ஒரு செக்‌ஷன் என்கிற தோரணையில் பேசிக்கொண்டிருந்தார். நேருவிடம் பஞ்சாயத்து போனது. நேரு அமைச்சர் பக்கம் சாய்ந்தார். வங்கிக்குச் சுயாட்சி உண்டு, ஆனால் அது அரசாங்கத்துக்கு உட்பட்டது, அரசின் கொள்கை ஒரு பக்கம் போக வங்கி இன்னொரு பக்கம் போக முடியாது என்கிற ரீதியில் கவர்னருக்குக் கடிதம் எழுதினார். 1957 ஜனவரி 14. ஊரெல்லாம் பொங்கல் நேரம். ராமா ராவ் பதவியை விட்டு வெளியேறினார். வயது 67.

(ரிசர்வ் வங்கிக்கு இது புதுசு இல்லை. முதல் கவர்னர் ஆஸ்போர்ன் ஸ்மித்தே வெள்ளைக்கார நிதி உறுப்பினர் கிரிக்குடன் முட்டிக்கொண்டு 1937-இல் போனவர். திருஷ்டி அன்றைக்கே பட்டுவிட்டது!)

2018 டிசம்பர் 10 அன்று உர்ஜித் படேல் ராஜினாமா செய்தபோது இந்தப் பழைய கதையைத் தூசி தட்டி எடுத்துப் பலர் எழுதினார்கள். எல்லாவற்றிலும் ஒரே திரைக்கதை. ராமா ராவ் ஹீரோ, டி.டி.கே. வில்லன். அரசியல்வாதி மலிவாகப் பணம் கேட்பான், மத்திய வங்கி அதிகாரி விலைவாசியை நினைத்து மறுப்பார். டிரம்ப் - பவல் தகராறில் பார்த்தோமே, அது.

புத்தகத்தைப் படித்தால் இந்தத் திரைக்கதை உட்காராது. 1956-இல் பணத்தின் விலையை ஏற்றியதே அமைச்சர்தான்! எதிர்த்தவர் கவர்னர். அதைவிட வேடிக்கை அடுத்தது. ராமா ராவ் போன பிறகு எச்.வி.ஆர். ஐயங்கார் கவர்னராக வந்தார். 1957 மே மாதம் பேங்க் ரேட்டை மூன்றரையிலிருந்து நாலாக ஏற்றினார். அதே அரை பர்சென்ட். இந்தத் தடவை ரிசர்வ் வங்கியே, தன் பெயரில், பகிரங்கமாக அறிவித்து ஏற்றியது. ஏற்றவேண்டிய நிலைமை நிஜமாகவே இருந்தது. திட்டத்துக்காக மெஷின் மெஷினாக இறக்குமதி செய்ததில் அந்நியச் செலாவணி கரைந்துகொண்டிருந்தது. ஆகவே ஏற்றலாமா வேண்டாமா என்பதில் டி.டி.கே. பக்கம் நியாயம் இருந்தது என்றே எனக்குத் தோன்றுகிறது. தப்பு, அதை ஸ்டாம்ப்புக்குள் ஒளித்து வைத்தது. சட்டத்தில் ஏழாவது பிரிவு என்று ஒன்று இருக்கிறது. பொதுநலன் கருதி, கவர்னரைக் கலந்துகொண்டு, அரசாங்கம் ரிசர்வ் வங்கிக்கு உத்தரவு போடலாம். போட்டால் அரசாங்கம்தான் போட்டது என்று ஊருக்கே தெரியும். பொறுப்பை அரசாங்கம் ஏற்கவேண்டும். டி.டி.கே. அந்த நேர் வழியில் போகவில்லை.

ராமா ராவ் மேலும் எனக்கு ஒரு குறை உண்டு. 1955-இல் அந்த மளிகை நோட்டு ஏற்பாடு வந்தபோது கவர்னர் இவர்தான். ஆயிரம் கோடி வாசல் வழியாகப் போக வழிவிட்டவர், ஜன்னல் வழியாக வந்த அரை பர்சென்ட்டுக்கு நாற்காலியை விட்டார். மானப் பிரச்னை என்று வந்துவிட்டால் நம் ஆட்களுக்குக் கணக்கு மறந்துவிடும். நான் இதைச் சொன்னபோது பொருளாதாரம் படித்த ஒரு நண்பர் கோபித்துக்கொண்டார். "வாசலைத் திறக்கச் சொல்லிக் கேட்டாங்க, ஜன்னலை உடைச்சாங்க, ரெண்டும் ஒண்ணா?" என்றார். யோசிக்கவேண்டிய விஷயம்.

புத்தகத்துக்கு வருகிறேன். பாலச்சந்திரன் யாரையும் புனிதர் ஆக்கவில்லை. ரகசியக் குறிப்பு, பதில் குறிப்பு, அதற்கு மேல் குறிப்பு என்று ஃபைல்களைப் பொறுமையாகப் பிரித்து வைக்கிறார். 1960-இல் பாலாய் சென்ட்ரல் பேங்க் திவாலான கதை, 1966 ரூபாய் மதிப்புக் குறைப்பு எல்லாம் உண்டு. ஆனால் மொத்தக் காலத்தையும் அவர் மின்ட் ரோடு ஜன்னலிலிருந்தே பார்க்கிறார். (மின்ட் என்றதும் நம்ம தங்கசாலைத் தெரு ஞாபகம் வரும். இது பம்பாய்.) கவர்னரின் மனவருத்தம் தெரிகிறது. அமைச்சரின் கர்வம் தெரிகிறது. பிரதமரின் சங்கடம்கூடத் தெரிகிறது. வட்டி கட்டினவன் முகம் மட்டும் தெரியவில்லை.

இதைக் கண்டுபிடித்தவர் மாடி வீட்டு சார்தான், நான் இல்லை. ராமா ராவ் சமாச்சாரம் வருகிற பக்கங்களைப் பிரிண்ட் எடுத்துக் கொடுத்திருந்தேன். நாலு நாள் கழித்துத் திருப்பித் தந்தார், பென்சில் கோடுகளுடன்.

"எல்லாம் சரி சார். அந்த அரை பர்சென்ட்டைக் கடைசியில யார் கட்டினாங்க?"

எனக்குப் பதில் தெரியவில்லை. மறுபடி தேடிப் பார்த்தேன். நவம்பர் கடைசி என்பது அறுவடை சீசன் ஆரம்பம். நெல்லும் பருத்தியும் வாங்க வியாபாரிகள் வங்கியில் பணம் எடுக்கிற நேரம். இன்றைக்கு நம் அவுட்டர் ரிங் ரோட்டைப் பிடித்துப் போனால் வருகிற செங்குன்றம் மாதிரி அரிசி மண்டிகளில் அந்த அரை பர்சென்ட் விலையாக ஏறியிருக்கலாம். இல்லை, விவசாயிக்குக் கொடுத்த ரேட்டில் குறைந்திருக்கலாம். நான் பார்த்தவரையில் புத்தகம் அந்தப் பக்கம் போகவில்லை. கொள்கை பற்றி இவ்வளவு எழுதியவர்கள் ஒரு மண்டியின் கணக்குப் புத்தகத்தையும் பிரித்திருக்கலாம்.

ரிசர்வ் வங்கி தன் வாயால் 1957-ஐ விரிவாகச் சொன்னது 1998-இல். 41 வருஷம். இப்போது நிலைமை தேவலை என்பார்கள். 2016-இலிருந்து வட்டியை ஆறு பேர் கொண்ட பணக்கொள்கைக் குழு ஓட்டுப்போட்டு முடிவு செய்கிறது. (இதையும் சுருக்கினால் எம்.பி.சி.தான், ஜாதி சர்டிஃபிகேட் ஞாபகம் வந்தால் நான் பொறுப்பில்லை.) யார் எப்படி ஓட்டுப் போட்டார்கள், என்ன சொன்னார்கள் என்று இரண்டு வாரத்தில் வெளியிடுகிறார்கள். நல்ல முன்னேற்றம், மறுக்கவில்லை. விலைவாசியை 4 சதவீதத்தில் வைக்கவேண்டும், 2 கூடலாம், 2 குறையலாம். தொடர்ந்து மூன்று காலாண்டு தாண்டிவிட்டால் ஏன் தாண்டியது என்று வங்கி அரசாங்கத்துக்கு எழுதித் தரவேண்டும். 2022-இல் தாண்டியது. நவம்பரில் எழுதியும் கொடுத்தார்கள். அதைப் பகிரங்கமாக வெளியிடவில்லை. 2022 மே மாதம் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 4-இலிருந்து 6.5 ஆனது. என் ஏழு வருஷமும் சாரின் லட்டும் அந்தக் கணக்கில்தான் வந்தது. ஏன் என்று விளக்குகிற கடிதம் எங்கள் இரண்டு பேருக்கும் படிக்கக் கிடைக்கவில்லை.

2025-இல் ரெப்போ இறங்க ஆரம்பித்து ஜூனில் 5.5-க்கு வந்தது. கடன் காலம் கொஞ்சம் குறைந்ததாக எனக்கு ஒரு மெசேஜ். நான் லட்டு வாங்கிக்கொண்டு மாடிக்குப் போகவில்லை. தைரியம் வரவில்லை.

இந்த வரலாற்றுத் தொகுதிகள் ரிசர்வ் வங்கியின் வெப்சைட்டில் இலவசமாகவே கிடைக்கின்றன. ஆங்கிலம்தான், கொஞ்சம் பொறுமை வேண்டும். சார் அடுத்த தொகுதியைக் கேட்டிருக்கிறார். 1969-இல் பேங்க்கை எல்லாம் நேஷனலைஸ் பண்ணினார்களே, அது அதில் வருமாமே?