அளவுகோலும் அகச்சான்றும்: அந்தமான் பழங்குடியினர் ஒளிப்படங்கள்

முன்னுரை

எழுத்து மரபு இல்லாத அந்தமான் பழங்குடியினரின் வாழ்வை அறிய உதவும் பத்தொன்பதாம் நூற்றாண்டுச் சான்றுகளுள் ஒளிப்படங்கள் குறிப்பிடத்தக்கன. 1879ஆம் ஆண்டு அப்பழங்குடியினருக்குப் பொறுப்பு அதிகாரியாக அமர்த்தப்பெற்ற மாரிஸ் விடால் போர்ட்மன் 1890களில் எடுத்த படத்தொகுதிகள் பிரித்தானிய அருங்காட்சியகத்தில் உள்ளன. அளப்பதற்காக எடுக்கப்பட்ட படம் வாழ்வுக்குச் சான்றாகுமா என்பதே இங்கு எழும் வினாவாகும்.

படமும் குறிப்பும்

கறுப்பு வெள்ளைக் கட்டங்கள் வரைந்த திரையின் முன் ஆடையற்ற மனிதரை நிறுத்திப் படமெடுப்பது போர்ட்மனின் முறைகளுள் ஒன்று. இங்குக் கட்டம் அளவுகோலாகிறது, மனிதர் அளவுப்பொருளாகின்றனர். படத்தோடு இணைந்த குறிப்பும் அந்நோக்கத்திற்கே துணைபோகிறது. புறநானூற்றுப் பாடல்களின் இறுதியில் அமைந்த திணை, துறைக் குறிப்புகளைப் பாடலின் அகச்சான்றோடு ஒப்பிட்டே ஆய்வாளர் ஏற்பர். படக்குறிப்புகளுக்கும் இம்முறை பொருந்தும்.

அகச்சான்று

இறந்த உறவினரின் மண்டையோட்டை அணிந்த பெண்டிரை அந்தமான் ஒளிப்படங்கள் சிலவற்றில் காணலாம். இதனை விந்தை வழக்கமாகக் காண்பது புறநோக்கு. இறந்தவரைத் தன் உடலோடு சுமக்கும் அச்செயல் துயரத்தின் வெளிப்பாடு. தமிழ் மரபில் கையறுநிலையோடு ஒப்புநோக்கத்தக்கது. 1877இல் பரவிய தட்டம்மையால் பெரிய அந்தமானியர் பெருமளவில் மாண்டனர். 1901 கணக்கெடுப்பில் அவர்கள் ஏறத்தாழ 625 பேர். 1961இல் 19 பேர். ஆகவே போர்ட்மன் படங்களில் நிற்போர் பேரிழப்பின் நடுவே நின்றவர்கள். அளவுப் பட்டியலில் அவ்விழப்புக்கு இடமில்லை.

மொழிச்சான்று

போர்ட்மன் 1898இல் தென் அந்தமான் மொழிகள் பற்றியும் நூல் வெளியிட்டார்.  பெரிய அந்தமானிய இலக்கணம் மனித உடலை ஏழு பகுப்புகளாகக் கொண்டு அமைவதை அன்விதா அப்பி விளக்கியுள்ளார். கட்டத்திரையின் முன் வெறும் அளவுப்பொருளாக்கப்பட்ட உடல், அம்மக்களுக்கோ உலகை வகைப்படுத்தும் இலக்கணமாக இருந்தது. அப்பியின் ஆய்வுக்குத் துணைநின்றவர்களுள் ஒருவரும் போ மொழியின் இறுதிப் பேச்சாளருமான போவா 2010 சனவரியில் காலமானார்.

முடிவுரை

படத்தைக் காலனியச் சான்று என ஒதுக்குவது, அதில் நிற்போரை மீண்டும் ஒருமுறை மறப்பதாகும். குறிப்பை அப்படியே நம்புவது அளந்தவரின் பார்வையையே ஏற்பதாகும். அணி, துயரக்கோலம், மொழி ஆகிய அகச்சான்றுகளைக் கொண்டு குறிப்பைச் சோதிக்கும் வாசிப்பே மறக்கப்பட்ட வாழ்வை ஓரளவேனும் மீட்கவல்லது. பாடலையும் குறிப்பையும் பிரித்தறியப் பழகிய தமிழாய்வு இத்துறைக்குத் தன் முறையியலை வழங்க முடியும்.