மாலினி பொன்சேகாவின் நடிப்புக்கலை

சிங்களத் திரையுலகின் அரசியென்று பட்டஞ் சூட்டப்பெற்று, 2025 மே 24இல் தமது 78ஆம் வயதிற் காலமான மாலினி பொன்சேகாவை, வன்னியிலுள்ள நம்மவருட் பெரும்பாலார் 'பைலட் பிரேம்நாத்' (1978) படத்திற் சிவாஜி கணேசனோடு நடித்த நாயகியாக மாத்திரமே அறிவர். அந்த அறிமுகம் அவருக்கு நியாயஞ் செய்வதன்று. சிவாஜியின் கம்பீரமான அபிநயத்தின் முன்னே எவரும் சற்று ஒதுங்கியே நிற்க நேரும். அதற்கு மேல், அப்படம் அவரிடம் வேண்டியதும் அழகையும் அடக்கத்தையுமன்றி வேறில்லை.

1968இல் 'புஞ்சி பபா' மூலம் திரைக்கு வந்த அவருடைய உண்மையான சக்தியை அறிய விரும்புவோர், லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் நெறிப்படுத்திய 'நிதானய' (1972) படத்துக்கே செல்லவேண்டும். புதையலுக்குப் பலியிடும் நோக்கத்தோடு, கழுத்திலே மறுக்களையுடைய கன்னியொருத்தியைத் தேடி மணந்துகொள்ளும் பிரபுவாகக் காமினி பொன்சேகா நடிக்க, யாதொன்றும் அறியாத அம்மனைவியாக மாலினி வருகிறார். கணவன் பேசுகையில் அவர் கேட்டுக்கொண்டிருக்கும் விதத்தைக் கவனியுங்கள். கண்கள் அவன் முகத்திலேயே தங்கியிருக்கும், புருவம் அசையாது, அவளுடைய விசுவாசம் நாளுக்கு நாள் வளர்வதை நாம் காண்போமேயன்றி, அதை அவர் நமக்குக் காட்ட முயல்வதாகத் தோன்றாது. கொலைகாரனிடத்தும் நமக்கு ஒருவகைப் பரிதாபம் பிறக்கிறதென்றால், அதற்குக் காமினியின் திறமை பாதிக் காரணம். மீதி, எதிரே அமர்ந்து அவனை நம்பிக்கொண்டிருக்கும் இம்முகந்தான்.

யாழ்ப்பாணத்தில் உத்தியோகம் ஆரம்பித்துப் பின்னர் அம்பாந்தோட்டையில் நிருவாகஞ் செய்த லியோனார்ட் வூல்ஃபின் நாவலைக்கொண்டு அதே நெறியாளர் ஆக்கிய 'பெத்தேகம' (1980), நமக்கு இன்னும் அண்மையானது. சேனைப் பயிரும் கடனும் பன்றியும் காட்டுப் பயமுமாக வாழும் அக்கிராமத்தை, நெடுங்கேணியிலோ ஒட்டுசுட்டானிலோ பிறந்த ஒருவருக்கு விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. ஆயினும், சிலிந்துவாக வரும் ஜோ அபேவிக்கிரம காட்டிலிருந்தே எழுந்து வந்தவர்போலத் தோன்ற, புஞ்சிமெனிகாவாக வரும் மாலினியிடம் பட்டணத்து நட்சத்திரத்தின் சாயை முற்பகுதியிற் பெரும்பாலும் நீங்கவில்லையென்பது என் அபிப்பிராயம். பிற்பகுதி வேறு. கணவனையும் தந்தையையும் இழந்து, காடு ஊரை விழுங்கிக்கொண்டிருக்கத் தனித்து எஞ்சும் அப்பெண்ணை அவர் கண்ணீரின்றி நடிக்கிறார். 2009இல் யுத்தம் முடிந்தபின் திரும்பிவந்து, வீட்டு முற்றத்திற் பற்றையையும் மரத்தையும் கண்டவர்கள் நம்மிடையே அநேகர். அவர்கள் இக்கட்டத்தை மிகையென்று சொல்லமாட்டார்கள்.

இனிக் குறையைச் சொல்லவேண்டும். 100க்கு மேற்பட்ட படங்களில் அவர் நடித்தார் என்பதைக் கீர்த்தியாகவே எல்லாரும் பேசுகின்றனர். எனக்கோ அதுவே அவருடைய பெருநஷ்டமாகத் தோன்றுகிறது. தமிழ், இந்திப் படங்களின் அச்சிலே வார்க்கப்பட்ட வியாபாரப் படங்கள், காமினிக்கும் விஜய குமாரதுங்கவுக்கும் ஜோடியாக்கி, பொறுமையே உருவான காதலி, பொறுமையே உருவான மனைவி என்னும் இரண்டொரு வேஷங்களையே அவருக்குத் திரும்பத் திரும்பக் கொடுத்தன. பீரிஸிடம் அர்த்தம் நிறைந்திருந்த மௌனம், அங்கே வெறும் பழக்கமாகிவிட்டது. சிறிய திரையுலகில் ஜீவனத்துக்காக வந்ததையெல்லாம் ஏற்கவேண்டியிருந்தது என்ற சமாதானம் ஓரளவே பொருந்தும். ஏனெனில், யாழ்ப்பாணத்திற் கற்பித்தவரும் 'பொன்மணி' என்னும் தமிழ்ப் படத்தை எடுத்தவருமான தர்மசேன பத்திராஜ போன்றோர் அக்காலத்திலேயே 'பம்பரு எவித்' (1978) முதலியவற்றில் அவருக்கு வேறு வழியைக் காட்டியிருந்தனர். அவ்வழியில் அவர் போதுமான தூரம் செல்லவில்லை.

பிரசன்ன விதானகேயின் 'ஆகாச குசும்' (2008) மாத்திரம் இக்கணக்கைத் திருத்தி எழுதுகிறது. புகழ் மங்கிய முன்னாள் நடிகையாக, தாம் கைவிட்ட மகளின் முன்னே நிற்க நேரும் தாயாக, அவர் அதில் வருகிறார். பல்லாண்டு தியாகத் திருவுருவாகவே நின்றவருக்கு முதன்முறையாக ஒரு குற்றம் கையளிக்கப்படுகிறது. அதற்காக அவர் நம்மிடம் இரக்கம் யாசிக்கவில்லை, வயதை மறைக்கவுமில்லை. எழுபதுகளின் ஜோடிப் படங்களிற் பத்தைக் கொடுத்தாவது இத்தகைய வேஷமொன்றை அவரது நாற்பதாம் வயதிலே வாங்கியிருக்கலாம்; ஆனால் அந்த வயதில் அவருக்கு அதை எழுதுவார் இருக்கவில்லை.