ஆட்டப் பதிவும் வருணனைத் தமிழும்

கண்ட போரைக் காணாதார்க்கு எடுத்துரைத்தல் தமிழில் பழமையான கலை. செயங்கொண்டாரின் கலிங்கத்துப்பரணியில், களத்தைக் கண்டு வந்த பேய் ஒன்று காளிக்குப் போர்ச் செய்தியைக் கூறுகிறது. காளி களத்தைக் கண்டிலள்; பேயின் சொல்லே அவளுக்குக் கண்ணாகிறது. பல நூற்றாண்டுகள் கழிந்தபின், அகில இந்திய வானொலியில் கிரிக்கெட் ஆட்டத்தைத் தமிழில் வருணித்த சாத்தான்குளம் அப்துல் ஜப்பார் போன்றோர் ஆற்றிய தொண்டும் இத்தகையதே. கேட்பவர் திடலைக் காணார். பந்து எங்கே சென்றது, யார் ஓடினார் என்பனவற்றைச் சொல்லே காட்டவேண்டும். இக்கலையின் இன்றைய கிளை ஒன்று தமிழாசிரியர்களின் கருத்துக்கு உரியதாக வளர்ந்திருக்கிறது. அது கைப்பேசியில் ஆடும் ஆட்டத்தை அக்கைப்பேசியிலேயே பதிவு செய்து, ஆடுவோர் தம் குரலையும் சேர்த்து, பிறர் காண வெளியிடும் ஆட்டப் பதிவு ஆகும்.

இதனைச் சிறுபிள்ளை விளையாட்டு என்று தள்ளுவதற்கில்லை. ஐவர்க்கு ஐவர் பொருதும் ‘மொபைல் லெஜண்ட்ஸ்’ ஆட்டத்தின் முதல் உலகப் போட்டி 2019 நவம்பரில் கோலாலம்பூரில் நடந்தது. இறுதியாட்டம் நிகழ்ந்த இடம் புக்கிட் ஜாலில் ஆக்சியாத்தா அரங்கம். அப்பகுதி ஒரு காலத்தில் தமிழர் பால்வெட்டிய ரப்பர்த் தோட்டம் என்பதை மூத்தோர் அறிவர். 1998 காமன்வெல்த் போட்டிக்காக அங்கே விளையாட்டு வளாகம் எழுந்தது. தோட்டத்தின் பெயரை அங்குள்ள தமிழ்ப்பள்ளி இன்றும் தாங்கி நிற்கிறது. அதே ஆட்டத்தின் ஆறாவது உலகப் போட்டியும் 2024 இறுதியில் கோலாலம்பூரிலேயே நடந்தது. அவ்வாண்டு ஜூலையில் ரியாத் நகரில் நடந்த பெரும்போட்டி ஒன்றில் ‘சிலாங்கூர் ரெட் ஜயண்ட்ஸ்’ அணி 4–3 என்ற கணக்கில் வாகை சூடியது. நாட்டார் பெருமிதம் கொண்ட ஓர் ஆட்டத்தை, பிரிக்பீல்ட்ஸ் அடுக்குமாடியிலோ கிள்ளான் வீட்டுத் திண்ணையிலோ ஒரு தமிழ்ச் சிறுவன் தன் கைப்பேசியில் பதிவு செய்ய விழைதல் இயல்பே அன்றோ?

பதிவு செய்யும் வசதி இன்று எளிதாகிவிட்டது. 2014இல் வந்த ஆண்ட்ராய்டு 5, திரையைப் படமாக்கத் தனிச் செயலிகளுக்கு வழி திறந்தது. 2017இல் ஐபோனிலும், 2020இல் ஆண்ட்ராய்டு 11இலும் இவ்வசதி கருவியோடே சேர்ந்து வந்தது. மேலிருந்து விரலால் இழுத்தால் தோன்றும் பட்டையில் ஒரு பொத்தானைத் தொட்டால் போதும். ஆயினும் எளிதில் செய்யக்கூடியது அனைத்தும் நன்கு செய்யப்படுவதில்லை. நொடிக்கு 8 மெகாபிட் அளவில் பதிவு செய்தால் ஒரு நிமிடத்திற்கு ஏறத்தாழ 60 மெகாபைட் இடம் வேண்டும். பதினைந்து நிமிட ஆட்டம் 900 மெகாபைட்டைக் கொள்ளும். இடம் பார்த்து வையாதவனின் பதிவு நடு ஆட்டத்தில் அறுந்துவிடும். ஒலியிலும் இரு வகை உண்டு: ஆட்டத்தின் ஒலி ஒன்று, ஒலிவாங்கியில் புகும் குரல் மற்றொன்று. காதணி ஒலிபெருக்கியின்றி இரண்டையும் ஒருங்கே பதிவு செய்தால், ஆட்டத்தின் ஓசை ஒலிவாங்கியிலும் புகுந்து எதிரொலித்து, பேச்சை விழுங்கிவிடும். இடையே வந்து விழும் குறுஞ்செய்திகளும் பதிவில் படிந்து வீட்டுச் செய்தியை ஊர்ச்செய்தி ஆக்கும். ஆதலின் அறிவிப்புகளை அடக்கிவைத்துத் தொடங்குதல் முதற்கடமை.

இவை கருவி பற்றியன. திறனாய்வுக்கு உரியது சொல்.

வானொலி வருணனைக்கும் ஆட்டப் பதிவுக்கும் அடிப்படையில் ஒரு வேற்றுமை உண்டு. வானொலி கேட்பவர்க்குக் கண் இல்லை. பதிவைக் காண்பவர்க்கோ கண் உண்டு. எதிரி வீழ்ந்ததைத் திரையே காட்டுகிறது. ஆகவே, “அடிச்சாச்சு, விழுந்துட்டான், போச்சு” என்று கூவுவது கண்டதையே மீண்டும் கூறலாகும். கூறியது கூறல் குற்றம் என்பது தமிழிலக்கணம் அறிந்தார்க்குப் புதிதன்று. காண்பவர் காணமுடியாத ஒன்று உண்டு. அது ஆடுபவர் நெஞ்சில் நிகழ்வது. ஏன் முன்னேறவில்லை, ஏன் பின்வாங்கினார், எதை அஞ்சினார், எதை எதிர்பார்த்தார் என்பனவற்றைத் திரை காட்டாது, சொல்லே காட்டவேண்டும். “எதிரணியில் இருவரைச் சிறுபடத்தில் காணோம், புதருக்குள் பதுங்கியிருக்கலாம், ஆகவே கோபுரத்தின் அடியிலேயே நிற்கிறேன்” என்று ஒரு சிறுமி சொல்வாளாயின், அவ்வொரு வாக்கியத்தில் காட்சியும் ஐயமும் முடிவும் அடங்கிவிடுகின்றன. வானொலி வருணனைக்கு நிகழ்ச்சி உயிர். ஆட்டப் பதிவுக்குக் காரணம் உயிர். இன்று தமிழில் வெளிவரும் பதிவுகளில் பலவும் இவ்வேற்றுமையை உணராமல், கண்ணுள்ளார்க்குக் கண் கொடுக்கவே கூச்சலிடுகின்றன.

அடுத்து எழுவது கலப்புமொழி பற்றிய வினா. இதில் தமிழாசிரியர் சிலர் கொள்ளும் சினம் இடம் தவறியது. கால்பந்தில் ‘கோல்’ என்பதையும் ‘பெனால்டி’ என்பதையும் நாம் ஏற்றுக்கொண்டதைப் போல, ‘லேன்’, ‘டவர்’ முதலிய ஆட்டச் சொற்கள் அவ்வாட்டத்தின் பெயர்களாய் வருவதில் கேடு இல்லை. “கோபுரத்தை ஜாகா பண்ணு” என்று ஒரு சிறுவன் சொன்னால், அந்த மலாய்ச் சொல்லும் நேற்று வந்ததன்று. காவலாளியை ‘ஜாகா’ என்பது நம் தோட்டத் தமிழில் பழகிய வழக்கு. கேடு வேறிடத்தில் இருக்கிறது. பெயர்ச்சொல் பிறமொழியாய் இருப்பினும், வாக்கியம் தமிழாய் நின்றால் மொழி நிற்கும். ‘ஆகவே’, ‘எனினும்’, ‘இருந்தால்’, ‘வராவிட்டால்’ என்னும் இணைப்புகள் போய்விட்டால், தமிழ்ப் பெயர்களை எத்துணை அடுக்கினும் அங்கே தமிழ் இல்லை. ஆட்டப் பதிவில் முதலில் மறைவன இவ்விணைப்புகளே. காரணம் சொல்லும் பழக்கம் இல்லாத பேச்சுக்குக் காரணம் காட்டும் சொற்கள் வேண்டுவதில்லை. ஆக, முன்னர்க் கூறிய குறையும் இக்குறையும் ஒரே வேரில் கிளைத்தவை.

மூன்றாவது குறை சுவை பற்றியது. தொல்காப்பியர் எண்வகை மெய்ப்பாடு கூறினார். அவற்றுள் அச்சம், மருட்கை, பெருமிதம், உவகை ஆகியவற்றுக்கு இவ்வாட்டங்களில் நல்ல இடம் உண்டு. ஐம்பதின்மர் ஒரு தீவில் இறங்கி இறுதியில் ஒருவரோ ஓரணியோ எஞ்சும் ‘ஃப்ரீ ஃபயர்’ ஆட்டத்தில் அச்சத்திற்குக் குறைவே இல்லை. ஆயின் பலரும் எளிதில் கிட்டும் ஒன்றையே நாடுகின்றனர்: பிறரை இழித்துப் பேசி நகைத்தல். இது எங்கே கொண்டுவிடும் என்பதற்குத் தமிழ்நாட்டில் சான்று உண்டு. ‘பப்ஜி’ ஆட்டத்தை நேரலையாகக் காட்டிப் பெருங்கூட்டம் சேர்த்த மதன் என்பவர், இழிந்த ஆபாசப் பேச்சுப் பற்றிய புகார்களின் பேரில் 2021 ஜூனில் தருமபுரியில் கைது செய்யப்பட்டார். சட்டத்தின் முடிவு நீதிமன்றத்துக்கு உரியது. திறனாய்வுக்கு உரிய கேள்வி வேறு. அத்தகைய பேச்சைக் கேட்கச் சிறுவர் பலர் திரண்டனரே, ஏன்? நல்ல தமிழில் ஆட்டத்தைச் சுவைபடச் சொல்வார் அவர்களுக்குப் போதிய அளவில் கிட்டவில்லை என்பது ஒரு காரணமாகலாம். பசித்தவன் முன் நல்லுணவு வையாமல், கெட்ட உணவை உண்டான் என்று வைது பயன் என்ன?

நான்காவது குறை, வென்ற இடங்களை மட்டும் வெட்டி ஒட்டித் தொகுப்பது. இவ்வகைத் தொகுப்பு ஆடுபவரைப் பெருவீரராகக் காட்டும், ஆட்டத்தைக் காட்டாது. பதிவின் பெரும்பயனே தோல்வியைத் திரும்பப் பார்க்க முடிவதில் இருக்கிறது. எந்த நொடியில் தவறு புகுந்தது என்று நிறுத்தி, பின்னோக்கி, மறுபடி காணலாம். தோற்ற ஆட்டத்தை முழுமையாய் வெளியிட்டு, தோற்ற காரணத்தை அமைதியாய் உரைக்கும் இளைஞர் சிலரும் இருக்கின்றனர். கூட்டம் அவரிடம் குறைவு. கற்பார்க்குக் கிட்டும் பயன் அவரிடமே மிகுதி. தோல்வியை ஒளிக்காத வருணனை, தமிழ்ப் பேச்சுக்கும் ஒரு நேர்மையைத் தருகிறது.

இவையெல்லாம் தமிழ்ப்பள்ளிக்கு என்ன உறவு எனக் கேட்கலாம். உறவு நெருங்கியது. தமிழ்ப்பள்ளி ஆறாம் ஆண்டோடு முடிகிறது. இடைநிலைப்பள்ளியில் தாய்மொழி வகுப்புக்குப் பதினைந்து மாணவரின் பெற்றோரேனும் கேட்கவேண்டும் என்பது சட்டத்தின் நிலை. அவ்வெண் சேராத இடமும் உண்டு, சேர்ந்தும் ஆசிரியர் இல்லாத இடமும் உண்டு. அங்கெல்லாம் ஒரு மாணவன் எழுதிவைத்துப் படிக்காமல், தானே நினைந்து, பத்து நிமிடம் தொடர்ந்து தமிழ் பேசும் வாய்ப்பு எங்கே கிட்டுகிறது? சிலர்க்கு ஆட்டப் பதிவு ஒன்றிலேதான் கிட்டுகிறது. அவ்விடத்தையும் வசைச்சொல்லுக்கு விட்டுவிடுவதா என்பதே இங்குள்ள கேள்வி.

ஆசிரியர் செய்யத்தக்கது அரிய செயலன்று. பதிவு செய்தல் வேறு, வெளியிடுதல் வேறு என்பதை முதலில் உணர்த்தவேண்டும். யூடியூப்பில் தனிக் கணக்குக்கு வயது வரம்பு உண்டு. தனியே நேரலை நடத்தப் பதினாறு வயது வேண்டும் என 2025 ஜூலையில் விதி செய்யப்பட்டது. ஆகவே தமிழ்ப்பள்ளிப் பிள்ளையின் பதிவு வகுப்பறைக்கும் வீட்டுக்கும் உரியது, ஊருக்கு உரியதன்று. உடன் ஆடுவோரின் குரலை அவர் இசைவின்றிப் பதிவு செய்தல் ஆகாது. பிள்ளையின் பெயர், பள்ளி, முகம் ஆகியவை பதிவில் வருதலும் ஆகாது. இவ்வரம்புக்குள், பெற்றோர் துணையோடு மூன்று நிமிட ஆட்டத்தைப் பதிவு செய்து, “ஏன்” என்னும் வினாவுக்கு விடையாகவே முழுதும் பேசி வருமாறு பணிக்கலாம். கைப்பேசி இல்லாத பிள்ளைக்குப் பல்லாங்குழியோ சதுரங்கமோ போதும், விதி ஒன்றே. வகுப்பில் போட்டுக் கேட்கும்போது, எத்தனை எதிரிகள் வீழ்ந்தனர் என்று எண்ணாமல், எத்தனை ‘ஆகவே’ வந்தது என்று எண்ணட்டும்.

பாட்டும் கூத்தும் முதலில் தெருவில் பிறந்தே அவைக்கு வந்தன. ஆட்டப் பதிவு இன்னும் தெருவிலே நிற்கிறது. அதனை அவைக்கு உரியதாக்கும் பொறுப்பு, சிறுவரின் சொல்லைப் பொறுமையுடன் கேட்டுத் திருத்தும் ஆசிரியர்க்கு உரியது. அவர் செவி கொடாவிடில், கூச்சலிடத் தெரிந்தவரே அப்பிள்ளைகளுக்கு ஆசிரியர் ஆவர்.