ஐயமும் சான்றும்: ‘பாரதி கண்ணம்மா’ தொடரும் மாதவியின் மடலும்

விஜய் தொலைக்காட்சியில் 2019இல் தொடங்கிய ‘பாரதி கண்ணம்மா’ நெடுந்தொடரின் நாயகியைக் கண்ணகியோடு ஒப்பிடத் தோன்றுவது இயல்பு. கணவனால் துன்புற்ற மனைவி என்னும் பொதுமை அதற்கு இடந்தருகிறது. ஆயினும் கோவலன் கண்ணகியைப் பிரிந்தானேயன்றி ஐயுற்றானில்லை. அவன் ஐயுற்றது மாதவியை. கானல்வரிப் பாடலைக் கேட்டு, அவள் மனம் பிறன்பால் சென்றதெனக் கொண்டு நீங்கினான். தனக்கு மகப்பேறு வாய்க்காது என நம்பி, கருவுற்ற மனைவியை ஐயுறும் மருத்துவன் பாரதிக்கு நேரானவன் இக்கோவலனே.

ஐயம் நீங்கும் முறையில்தான் இரண்டும் பிரிகின்றன. புறஞ்சேரி இறுத்த காதையில், மதுரைக்குச் செல்லும் வழியில், கௌசிகன் கொணர்ந்த மாதவியின் மடலைப் படித்துத் தவறு தன்னுடையதே எனக் கோவலன் தெளிகிறான். (முன்னர் வசந்தமாலை கொணர்ந்த மடலை ஏற்க மறுத்தவனும் இவனே.) புதிய சான்று எதுவும் அவனுக்குக் காட்டப்படவில்லை, அவள் சொல்லே போதுமாயிற்று. தொடரிலோ கண்ணம்மாவின் சொல்லுக்கு எடையில்லை. மரபணுச் சோதனையை நோக்கிக் கதை பல நூறு பகுதிகள் நீள்கிறது. விளம்பர வருவாயை நம்பிய வடிவத்திற்கு இத்தாமதம் உகந்ததே. எனினும் வணிகத் தேவை என்று மட்டும் இதனை ஒதுக்க இயலாது. மனைவியின் சொல்லை ஆய்வுக்கூடத் தாள் உறுதிசெய்த பின்னரே நம்பலாம் என்பதற்குப் பார்வையாளர் நாள்தோறும் பழக்கப்படுகின்றனர். பாண்டியன் அவையில் கண்ணகி உடைத்த சிலம்பும் சான்றுதான். அஃது அரசனைக் குற்றவாளியாக்க அவள் தானே தேர்ந்த சான்று. கண்ணம்மாவுக்கோ தன் குழந்தைகளின் மரபணுவே தனக்குச் சான்றாக வேண்டியிருக்கிறது.